விளக்கு வைக்கும் நேரம்

தென்காசிப் பக்கமிருந்து ஒரு வாசகர் எழுதியிருக்கிறார். அவர் ஊர்க் கோயிலில் பூட்டியே கிடக்கும் ஒரு பழைய மண்டபம், அதற்குள் தலைமுறை தலைமுறையாக வௌவால்கள். "சாயங்காலம் விளக்கு வைக்கிற நேரத்துக்குச் சொல்லி வைத்தாற்போல் முதல் வௌவால் வெளியே வரும். உள்ளேயோ கும்மிருட்டு. பொழுது சாய்ந்தது அதற்கு எப்படித் தெரிகிறது?" என்பது அவர் கேள்வி. கீழே பின்குறிப்பு: "போன கார்த்திகைக்கு உபயதாரர் ஒருவர் மண்டப வாசலுக்கு நேராக ஃபோகஸ் லைட் போட்டுக் கொடுத்தார். அதிலிருந்து வௌவால் வருகிற நேரம் தாறுமாறாகிவிட்டது. இரண்டுக்கும் சம்பந்தம் உண்டா?"

பின்குறிப்பில்தான் விஷயமே இருக்கிறது. ஆனால் முதல் கேள்வி வழியாகத்தான் அங்கே போக முடியும். வௌவால் மீயொலி எழுப்பி எதிரொலியால் வழி கண்டுகொள்ளும் என்பதெல்லாம் பள்ளிக்கூடத்துப் பாடம், விட்டுவிடுவோம். சுவர் எங்கே, பூச்சி எங்கே என்று எதிரொலி சொல்லும். மணி என்ன என்று சொல்லாது.

வரலாற்றையும் ஒரு பத்தியில் முடித்துக்கொள்ளலாம். 1729இல் பிரான்சைச் சேர்ந்த தெ மைரான் ஒரு தொட்டாற்சிணுங்கியை இருட்டில் வைத்துப் பார்த்தார். வெயில் படாமலே அது பகலில் இலை விரித்தது, இரவில் மூடியது. உடம்புக்குள் ஒரு கடிகாரம் ஓடுகிறது என்பதற்கு முதல் தடயம் அது. அந்தக் கடிகாரத்தின் மரபணுச் சக்கரங்களைக் கண்டறிந்தவர்களுக்கு 2017இல் நோபல் பரிசு கிடைத்தது. அன்றிலிருந்து ஆளாளுக்கு உயிர்க்கடிகாரத்தை விற்கிறார்கள்: தூங்க ஒரு செயலி, சாப்பிட ஒரு செயலி. அவர்களில் எத்தனை பேருக்கு மதுரைக் குகை தெரியும் என்பது சந்தேகம்தான்.

1970களின் கடைசியிலும் 80களின் தொடக்கத்திலும் மதுரை காமராசர் பல்கலைக்கழகத்தில் எம்.கே.சந்திரசேகரனும் ஜி.மாரிமுத்துவும் சகாக்களும் வௌவால் குகைக்குள் போனார்கள். அவர்கள் எடுத்துக்கொண்டது இந்தியாவிலும் இலங்கையிலும் மட்டும் வாழும் ஸ்னைடர் இலைமூக்கு வௌவால். எடை பத்து கிராம் சொச்சம், பூச்சிதான் ஆகாரம். இரவும் பகலும் ஒரே இருட்டு, ஒரே வெப்பம், ஒரே ஈரப்பதம் உள்ள குகையின் உட்பகுதியில் ஒரு வௌவாலைக் கூண்டில் அடைத்து, அது எப்போது சிறகடிக்கிறது, எப்போது ஓய்கிறது என்று பதிவு செய்தார்கள். அதைச் சுற்றி அதன் இனத்துக் கூட்டம் வழக்கம்போல் சாயங்காலம் போய், விடிவதற்குள் திரும்பிக்கொண்டிருந்தது.

கூண்டு வௌவால் வானத்தைப் பார்க்கவே இல்லை. ஆனாலும் நாள் தவறாமல் கூட்டத்தோடு சேர்ந்தே விழித்தது, கூட்டத்தோடு சேர்ந்தே அடங்கியது. வேறு வௌவால்களே இல்லாத குகையில் தனியாக வைத்தபோது அதன் நாள் 24 மணி நேரத்தோடு பொருந்தாமல் தினமும் கொஞ்சம் நழுவியது. கடிகாரம் ஓடியது, திருத்தி வைக்கத்தான் ஆள் இல்லை.

இதை எங்கள் பழைய காம்பவுண்டு வீட்டை வைத்துச் சொன்னால் எளிது. வரிசையாகப் பத்துக் குடித்தனம், நடுவில் ஒரு முற்றம். கடைசி உள்ளறையில், ஜன்னலும் கடிகாரமும் இல்லாமல் ஒரு பெரியவர். ஆனாலும் அவருக்கு நேரம் தப்பாது. பால்காரர் மணி அடித்தால் ஐந்தரை. மூன்றாம் வீட்டு குக்கர் மூன்றாவது விசில் விட்டால் ஏழு. பள்ளிக்கூட வேன் ஹாரன் அடித்து, ஒரு பிள்ளை டிபன் பாக்ஸை மறந்துவிட்டு ஓடிவந்தால் எட்டே கால். ஒரு சித்திரையில் பத்துக் குடித்தனமும் குலதெய்வம் கும்பிடக் கிளம்பிவிடுகிறது என்று வையுங்கள். பெரியவர் முதல் நாள் பத்து நிமிடம் தவறுவார், மறுநாள் இருபது. ஒரு மாதம் போனால் நடுச்சாமத்தில் காபி கேட்பார். உவமையை இதற்கு மேல் இழுத்தால் வாடகை பாக்கி வரைக்கும் போய்விடும். ஆனால் இன்னும் ஒரு படி இழுத்தே ஆக வேண்டும், ஏனென்றால் வௌவாலே இழுக்கிறது.

அதே குழுவினர் பிறகு, இலைமூக்குக் கூட்டம் வாழும் குகையில் வேறு குடும்பத்தைச் சேர்ந்த ஒரு வௌவாலை வைத்துப் பார்த்தார்கள். கூட்டத்தின் போக்குவரத்து அதன் கடிகாரத்தைத் திருத்தவில்லை. சத்தம் இருந்தால் மட்டும் போதாது, சொந்த இனத்துச் சத்தமாக இருக்க வேண்டும். பக்கத்துக் காம்பவுண்டில் எத்தனை குக்கர் விசிலடித்தாலும் நம் பெரியவர் அசைய மாட்டார்.

சரி, கூட்டத்துக்கு மணி சொல்வது யார்? வானம்தான். கிளம்பும் நேரம் நெருங்க நெருங்க வௌவால்கள் குகைக்குள் வட்டமடிக்கும். வாசல்வரை வந்து, வெளியே வெளிச்சம் எவ்வளவு மிச்சம் என்று பார்த்துவிட்டு உள்ளே திரும்பும். மறுபடி வரும், மறுபடி திரும்பும். வெளிச்சம் போதுமான அளவு மங்கியதும் வெளியேறும். வாசலில் எட்டிப் பார்த்தவற்றின் சந்தடி உள்ளே கடைக்கோடியில் தொங்குபவற்றுக்கும் பொழுதைக் கொண்டுசேர்க்கிறது. ஆக, வாசகரின் முதல் கேள்விக்குப் பதில்: மண்டபத்து வௌவாலுக்கு மணி சொல்வது மற்ற வௌவால்கள்.

இப்போது பின்குறிப்புக்கு வருவோம். 1983இல் அதே குழு வெளியிட்ட முடிவு இது: குகைக்குள் தொடர்ந்து விளக்கு எரிந்தபோது கூட்டத்துக்கும் கூண்டு வௌவாலுக்கும் இருந்த ஒத்திசைவே அறுந்துபோனது. ஃபோகஸ் லைட் மண்டபத்துக்கு வெளியே இருக்கிறது. ஆகவே குகை முடிவு இங்கே அப்படியே பொருந்தாது. ஆனால் வாசலில் எட்டிப் பார்க்கும் வௌவாலுக்கு அங்கே பொழுதே சாய்வதில்லை. விளக்கொளி பாய்ச்சிய கட்டடங்களில் வாழும் வௌவால்களை ஹங்கேரியில் ஆராய்ந்து 2007இல் எழுதினார்கள். அவை தாமதமாகவே வெளியேறின. குட்டிகளின் வளர்ச்சியும் இருட்டுக் கட்டடத்துக் குட்டிகளைவிடக் குறைவு. காரணம் சமையற்கட்டுக் கணக்குதான். சின்னப் பூச்சிகள் திரளாகப் பறப்பது அந்தி வேளையில். பந்தி முடிந்து போனால் இலையில் என்ன இருக்கும்?

வௌவால் பாதுகாப்பு என்று பேச ஆரம்பித்தாலே இரண்டு மிகைகள் முளைக்கும். ஒன்று பயம். 2018இல் கோழிக்கோட்டில் நிபா வந்ததிலிருந்து எந்த வௌவாலைக் கண்டாலும் விரட்டச் சொல்கிறார்கள். நிபா கிருமிக்கு இயற்கை இருப்பிடம் பெரிய பழந்தின்னி வௌவால். மண்டபத்துப் பூச்சியுண்ணி வேறு சாதி. எதையும் வெறுங்கையால் தொடாமலும், கடிபட்ட பழத்தைத் தின்னாமலும் இருந்தால் போதும். இன்னொன்று புகழ்ச்சி: ஒரு வௌவால் மணிக்கு ஆயிரம் கொசு தின்னும் என்பது. இதற்கு வேர் 1960இல் அமெரிக்காவில் நடந்த ஒரு சோதனை. மூடிய அறைக்குள் கொசுவைத் திறந்துவிட்டு, கொஞ்ச நேரத்தில் பிடித்ததை மணிக்கணக்காகப் பெருக்கிய கணக்கு அது. திறந்தவெளியில் யாரும் கொசுவைப் பந்தி வைப்பதில்லை. வௌவால் அந்துப்பூச்சியும் வண்டும் தின்னும், வயலுக்கு நல்லது செய்யும். அதற்காகக் கொசுவத்தியைத் தூக்கி எறிந்துவிட வேண்டாம்.

சட்டமும் இந்தப் பிராணிக்கு வெகுகாலம் நியாயம் செய்யவில்லை. 1972 வனவுயிர்ச் சட்டம் பழந்தின்னி வௌவால்களை எலி, காகத்தோடு ஒரே தீங்குயிர்ப் பட்டியலில் வைத்திருந்தது. 2022 திருத்தம்தான் அந்தப் பட்டியலையே எடுத்தது. ஆனால் சட்டம் மண்டப வாசலில் வந்து சுவிட்சைத் தொடாது. குகையை உடைக்கும் கல்குவாரியை நிறுத்துவது பெரிய வேலை. விளக்கைத் திருப்புவது சின்ன வேலை. பெரும்பாலான வௌவால்கள் ஆண்டுக்கு ஒரே குட்டிதான் போடுகின்றன. ஒரு கூட்டம் கலைந்தால் திரும்பச் சேர வெகுகாலம் ஆகும்.

ஆகவே வாசகருக்கு ஒரு யோசனை. உபயதாரர் மனம் நோகாமல், அந்த லைட்டைக் கோபுரத்தின் பக்கம் திருப்பச் சொல்லுங்கள். அவர் பெயர்ப்பலகை இன்னும் நன்றாகத் தெரியும் என்று சொன்னால் ஒப்புக்கொள்வார். திருப்புவதற்கு முன் ஒரு வாரம், திருப்பிய பின் ஒரு வாரம், முதல் வௌவால் எத்தனை மணிக்கு வெளியே வருகிறது என்று குறித்து வையுங்கள். பேனாவும் பழைய காலண்டர் தாளும் போதும். சூரியன் மறையும் நேரத்தையும் பக்கத்தில் எழுத மறக்காதீர்கள். அது இல்லாமல் உங்கள் கணக்கை நானே நம்ப மாட்டேன்.