பேசாத துப்பறிவாளர்

துப்பறியும் கதைக்குப் பேச்சுத்தான் உயிர்நாடி. வந்தவருடைய பூட்ஸில் ஒட்டிய சேற்றைப் பார்த்துவிட்டு, அவர் வந்த வழியை ஷெர்லாக் ஹோம்ஸ் எடுத்துச் சொல்லும்போதல்லவா நமக்கு மயிர்க்கூச்செறிகிறது! அந்த ஹோம்ஸின் வாயை அடைத்துவிட்டால் என்ன மிஞ்சும்?

இங்கிலாந்தில் ஸ்டோல் கம்பெனியார் 1921 முதல் 1923 வரையில் இந்தப் பரீட்சையைத் துணிந்து செய்தார்கள். ஸர் ஆர்தர் கானன் டாயிலின் கதைகளை 45 சிறிய பேசாப் படங்களாகவும், 2 பெரிய படங்களாகவும் எடுத்தார்கள். அத்தனையிலும் ஹோம்ஸ் வேஷம் தரித்தவர் எயில் நார்வுட் என்ற நாடக நடிகர். ஆரம்பித்தபோது அவருக்குப் பிராயம் அறுபதை நெருங்கியிருந்தது.

அவற்றுள் ஒன்று, 1921-ல் மாரிஸ் எல்வி டைரக்ட் செய்த 'கோணல் உதட்டு மனிதன்'. டாயில் 1891-ல் எழுதிய அக்கதை வருமாறு:

லண்டனில் ஓர் அபினிக் கடையின் மாடி ஜன்னலில் ஒரு மாது தன் கணவரின் முகத்தைக் காண்கிறாள். மறுகணம் அது மறைந்துவிடுகிறது. போலீஸாருடன் உள்ளே சென்றால், கோணல் உதட்டுப் பிச்சைக்காரன் ஒருவன்தான் இருக்கிறான். கணவரின் கோட்டு நதிச் சேற்றில் அகப்படுகிறது. அதன் பைகளில் 421 பென்னியும் 270 அரைப் பென்னியும்!

இரவெல்லாம் புகைபிடித்து யோசித்த ஹோம்ஸ், விடிந்ததும் ஒரு ஸ்பாஞ்சுடன் சிறைக்குச் சென்று பிச்சைக்காரனின் முகத்தைத் துடைக்கிறார். சாயம் கலைகிறது, காணாமற்போன கனவான் எதிரே இருக்கிறார்! பத்திரிகைக் கட்டுரைக்காக ஒருநாள் பிச்சைக்கார வேஷம் பூண்டவர், சம்பளத்தைவிட வரும்படி அதிகமென்று கண்டு அதையே தொழிலாக்கிக்கொண்டார். தம் குழந்தைகள் அறிந்துவிடுவார்களே என்ற வெட்கத்தால், கொலைப் பழி சூழ்ந்தபோதும் அவர் வாய் திறக்கவில்லை.

பேசாப் படத்துக்கு இதைவிடப் பொருத்தமான கதை ஏது? மர்மமும் முகத்தில், அதன் விடையும் முகத்தில். பேச வேண்டியவரே மௌனம் சாதிக்கிறார். நூறு வார்த்தை செய்யாததை ஒரு ஸ்பாஞ்சு செய்துவிடுகிறது.

நார்வுட்டின் பலமும் அதுவே. அவர் மாறுவேஷத்தில் மகா நிபுணர், ஆர்ப்பாட்டமில்லாதவர். சும்மா இருக்கும்போதுகூட நம் கண்ணை இழுத்துப் பிடிக்கும் சக்தி அவருக்கு உண்டென்று டாயிலே வியந்திருக்கிறார். விக்டோரியா காலத்து ஹோம்ஸுக்கு டெலிபோனும் மோட்டாரும் கொடுத்துவிட்டார்களே என்பதுதான் அவருடைய குறை!

நார்வுட் 1948-ல் காலமானார். ஆயினும் இவ்வரிசைப் படங்களில் மூன்று புதுப்பிக்கப்பெற்று, 2024-ல் லண்டனில் வாத்திய இசையுடன் மீண்டும் திரையேறின. நூறு வருஷம் கழிந்தும் ஹோம்ஸ் ஒரு வார்த்தை பேசவில்லை. பேச வேண்டிய அவசியமும் அவருக்கு ஏற்படவில்லை.