கையும் பாவையும்

செக் நாட்டுக் கலைஞர் யிரி திருங்கா 1965ஆம் ஆண்டில் ஆக்கிய பாவைக் குறும்படம் 'கை'. தன் மலர்ச்செடிக்குச் சட்டி வனைந்து மகிழும் எளிய கோமாளிப் பாவையே அதன் நாயகன். பெருங்கை ஒன்று அவனில்லம் புகுந்து தன்னுருவை வடிக்கப் பணிக்கின்றது. மறுத்தவனைப் பொற்கூட்டில் அடைத்து அதனைச் செய்விக்கின்றது. தப்பி மீண்டவன் பூச்சட்டி தலையில் வீழ்ந்து மாள்கின்றான். அவனுக்குச் சிறப்புடன் ஈமக்கடன் ஆற்றுவதும் அக்கையே!

படத்தில் உரையாடல் இல்லை. பாவையின் முகமும் மாறுவதில்லை. ஒளி, நிழல், தலையின் சாய்வு ஆகியவையே அச்சத்தையும் துயரையும் உணர்த்துகின்றன. பாவையைச் சிறிது சிறிதாக அசைத்து, ஒவ்வோர் அசைவையும் தனித்தனியே படம்பிடித்து உயிரூட்டுவது கலைஞனின் கை. அவ்வுயிரை ஒடுக்குவது அதிகாரத்தின் கை. சிறுவர்க்குக் கதையாகவும் பெரியோர்க்கு எச்சரிக்கையாகவும் அமைந்த இப்படம், 1969இல் திருங்கா மறைந்தபின் அவர் நாட்டிலேயே தடைசெய்யப்பட்டது. அத்தடையே படத்தின் உண்மைக்குச் சான்றாயிற்று.