இரவில் வரும் இலைத் திருடன்

எங்கள் ஊர் பாலக்காட்டுக்குக் கிழக்கே இருக்கிறது. ஜூன் மாதம். நல்ல மழை. பக்கத்து வீட்டு அக்கா காலையில் கீரை பறிக்கப் போனார். பாத்தியில் கீரை இல்லை. தண்டு மட்டும் நின்றது. பப்பாளிக் கன்றும் மொட்டையாக இருந்தது.

"ஆடு மேய்ந்துவிட்டதோ?" என்று கேட்டார் அக்கா.

"இல்லை அக்கா. மண்ணில் பாருங்கள். வெள்ளிக் கோடு போலப் பளபளக்கிறது. இது நத்தையின் வேலை" என்றேன்.

அப்போது அக்காவின் மகன் ஓடி வந்தான். அவன் கையில் ஒரு பெரிய நத்தை! உடனே அதைக் கீழே போடச் சொன்னேன். சோப்புப் போட்டுக் கை கழுவ வைத்தேன்.

ஏன் தெரியுமா?

எலியின் உடலில் ஒரு வகைப் புழு இருக்கும். எலிப் புழுக்கை வழியாக அது நத்தைக்குள் போகும். நத்தையைத் தொட்ட கையை வாயில் வைத்தால் அந்தப் புழு நம் உடலுக்குள் வரலாம். மூளையைச் சுற்றியுள்ள சவ்வு வீங்கலாம். எல்லா நத்தையிலும் இந்தப் புழு இருக்காது. ஆனால் எதில் இருக்கிறது என்று பார்த்தால் தெரியாது.

இந்த நத்தை எங்கிருந்து வந்தது?

இதன் பெயர் ஆப்பிரிக்கப் பெரு நத்தை. கிழக்கு ஆப்பிரிக்கா இதன் சொந்த இடம். 1847-இல் பென்சன் என்பவர் மொரீஷியஸ் தீவிலிருந்து இதைக் கல்கத்தாவுக்குக் கொண்டு வந்தார். அங்கிருந்து பரவியது. இன்று நாட்டின் பல மாநிலங்களில் இருக்கிறது. மண், நாற்றுப் பை, மரத்தடி ஆகியவற்றோடு ஊர் விட்டு ஊர் போகிறது.

ஒரு நத்தை ஒரு முறைக்கு 100 முட்டைக்கு மேல் இடும். முட்டைகள் மண்ணுக்குள் கொத்தாக இருக்கும். கொத்தமல்லி விதையைவிடச் சற்றுப் பெரியவை. வெயில் காலத்தில் நத்தை ஓட்டின் வாயை மூடித் தூங்கும். மழை வந்ததும் விழிக்கும்.

"பூச்சிமருந்து அடிக்கட்டுமா?" என்று கேட்டார் அக்கா.

"வேண்டாம் அக்கா. நத்தை பூச்சி அல்ல. பல பூச்சிமருந்துகளுக்கு அது சாகாது. மருந்து கீரையில்தான் தங்கும். பிறகு நாம்தானே அதைச் சாப்பிட வேண்டும்?"

என்ன செய்யலாம்?

1. மாலையில் ஈரச் சாக்கைத் தோட்டத்தில் விரியுங்கள். அதன் அடியில் பப்பாளி இலை, முட்டைக்கோஸ் இலை போடுங்கள். வாசனைக்கு நத்தைகள் வந்து கூடும்.

2. விடியற்காலையில் சாக்கைத் தூக்குங்கள். கையில் பிளாஸ்டிக் பையை மாட்டிக்கொண்டு நத்தைகளைப் பொறுக்குங்கள். வெறுங்கையால் தொடாதீர்கள்.

3. வாளித் தண்ணீரில் உப்பை நிறையக் கரையுங்கள். நத்தைகளை அதில் போடுங்கள். செத்த பிறகு கிணற்றுக்குத் தூரத்தில் குழி தோண்டிப் புதையுங்கள். உப்புத் தண்ணீரைப் பாத்தியில் ஊற்றாதீர்கள். மண் கெடும்.

4. முட்டைகளைக் கண்டால் அவற்றையும் உப்புத் தண்ணீரில் போடுங்கள்.

5. குப்பை, பழைய பலகை, கல் குவியல் ஆகியவற்றை அகற்றுங்கள். பகலில் நத்தை அங்கேதான் ஒளியும்.

6. கீரையை நன்றாகக் கழுவி, வேகவைத்துச் சாப்பிடுங்கள்.

நத்தையைத் தொட்டவருக்குச் சில நாளிலோ சில வாரங்களிலோ கடும் தலைவலி, வாந்தி, கழுத்துப் பிடிப்பு வந்தால் உடனே மருத்துவமனைக்குப் போக வேண்டும். நத்தையைத் தொட்டதை மருத்துவரிடம் மறக்காமல் சொல்ல வேண்டும்.

ஒரு வீடு மட்டும் செய்தால் போதாது. பக்கத்துத் தோட்டத்து நத்தை இன்று இரவே வந்துவிடும். அதனால் அன்று எங்கள் தெருவில் எட்டு வீட்டாரும் சாக்கு விரித்தோம். மறுநாள் இரண்டு வாளி நத்தை சேர்ந்தது. மழைக்காலம் முழுவதும் தொடர்ந்து செய்தோம். நத்தை அடியோடு ஒழியவில்லை. ஆனால் அக்காவின் பாத்தியில் மறுபடி கீரை தழைத்தது.

பேசுவோம்

உங்கள் ஊரில் இந்த நத்தை உண்டா?
பிள்ளைகளிடம் என்ன சொல்வீர்கள்?
உங்கள் தெருவில் யார் யாரைச் சேர்த்துக்கொள்ளலாம்?