காத்திருப்போரின் காலக்கணக்கு

மெதுவாக நகரும் திரைப்படத்தைக் கண்டால் நம்மிற் பலர் பொறுமை இழக்கிறோம். கதை நகரவில்லையே என்று குறை கூறுகிறோம். ஆயினும், காத்திருத்தலே வாழ்க்கையாய் அமைந்தவர்களுக்கு அந்த நிதானம் குறையாகத் தோன்ற வேண்டியதில்லை. நேபாளப் பெண்டிர் பலரை இங்கு எண்ணிப் பார்க்கலாம்.

நேபாள மலைக்கிராமத்து ஆடவர் 19-ஆம் நூற்றாண்டிலேயே அயல்நாட்டுப் பட்டாளங்களில் சேரப் புறப்பட்டனர். லாகூருக்குச் சென்றவர் என்ற பொருளில் அவர்களை 'லாஹுரே' என்று அழைத்தனர். பிற்காலத்தில் வளைகுடா நாடுகளும் மலேசியாவும் அவர்களை ஈர்த்தன. 2021-ஆம் ஆண்டுக் குடிமதிப்பின்படி ஏறத்தாழ 22 லட்சம் நேபாளியர் வெளிநாடுகளில் இருந்தனர். அவர்களுள் பெரும்பாலோர் ஆடவர். வயலும் பிள்ளைகளும் முதியோரும் பெண்களின் பொறுப்பாயினர்.

சத்யஜித் ராயின் 'பதேர் பாஞ்சாலி' (1955) என்னும் வங்காளிப் படத்தில் இதே நிலையைக் காண்கிறோம். பொருள் தேடிச் சென்ற கணவன் மாதக்கணக்கில் திரும்பவில்லை. மனைவி சர்வஜயா வறுமையோடு போராடுகிறாள். மழையில் நனைந்து காய்ச்சலுற்ற மகள் துர்கா இறந்துபோகிறாள். ஒன்றும் அறியாத கணவன், மகளுக்கென வாங்கிய சேலையோடு வருகிறான். தாய் கதறும் குரலை ராய் நமக்குக் கேட்பிக்கவில்லை. அவ்விடத்தில் தார்ஷெனாய் என்னும் வாத்தியத்தின் ஓலமே எழுகிறது. அதுவரை படம் விரைந்து ஓடியிருந்தால், அந்த ஓலத்தின் கனத்தை நாம் உணர்ந்திருக்க மாட்டோம்.

ரித்விக் கட்டக்கின் 'மேகே டாக்கா தாரா' (1960) வேறொரு துயரைச் சொல்கிறது. பிரிவினையால் அகதியான குடும்பத்தைத் தன் உழைப்பால் தாங்கும் நீதா, எல்லோர்க்கும் கொடுத்துத் தான் காசநோய்க்கு இரையாகிறாள். ராயின் 'சாருலதா' (1964) காட்டும் தனிமையோ, கணவன் அருகிலிருந்தும் நேர்வது. சன்னலுக்குச் சன்னல் நடந்து தெருவை நோக்கும் சாருவின் நண்பகலை, படத்தின் தொடக்கம் பெரும்பாலும் பேச்சின்றியே உணர்த்திவிடுகிறது.

நேபாளி மொழியிலும் மாலா சின்ஹா நடித்த 'மைத்தீகர்' 1966-இல் வெளிவந்தது. மணமான பெண்ணின் பிறந்தகம் என்பது அத்தலைப்பின் பொருள். 'தாய்வீடு' என்னும் நம் சொல்லில் உள்ள ஏக்கம் அதிலும் உண்டு.

காத்மாண்டு நகரத்துப் பெண்ணின் வாழ்வும் மலைக்கிராமத்துப் பெண்ணின் வாழ்வும் ஒன்றல்ல. எல்லோரும் ஒரே படத்தை விரும்புவர் என்றும் நாம் கூறவில்லை. எனினும், வெளிமாநிலங்களில் வாழும் நேயர்களுக்கு நேபாளக் குடும்பம் அண்டைவீடாக வாய்க்கலாம். அவ்வீட்டுப் பெண்களோடு அமர்ந்து இப்படங்களுள் ஒன்றைப் பாருங்கள். ஊரை விட்டு வந்தவர்களின் உரையாடல் அங்கே எளிதில் தொடங்கும்.