தோட்டம் போனது, பதிவேடு இருக்கிறது

ஈப்போ சிலிபின் சாலையில் உள்ள லூர்து மாதா ஆலயத்திற்கு, பிப்ரவரி 11-ஐ ஒட்டி வரும் திருவிழா நேரத்தில் போய்ப் பாருங்கள். அங்கே ஒரு பெரியவரிடம், "ஐயா, உங்களுக்கு எந்த ஊர்?" என்று கேட்டால், ஏதாவது ஒரு தோட்டத்தின் பெயரைச் சொல்வார். தேடிப் போனால் அங்கே செம்பனையோ வீடமைப்புத் திட்டமோதான் இருக்கும். லயமும் இருக்காது, பெரட்டுக் களமும் இருக்காது.

பேராக்கில் தமிழ்க் கத்தோலிக்கர்களின் கதை ரப்பருக்கும் முந்தியது. பாரிஸ் மறைபரப்புச் சங்கத்தைச் சேர்ந்த பிரெஞ்சுப் பாதிரியார்கள் தமிழ் கற்று இங்கே பணியாற்றினார்கள். அவர்களில் ஒருவரான ரெனே ஃபே, 1880-களில் பாகான் செராய் பக்கம் தமிழ்க் குடும்பங்களைக் குடியமர்த்தினார். சூசையப்பர் பெயரால் அந்த இடம் சூசைப்பாளையம் ஆனது. அவரே 1896-இல் மலாக்கா மறைமாவட்ட ஆயரானார்.

ஈயத்தால் ஈப்போ வளர்ந்தது. இரயில்வே, பொதுப்பணி, நகராட்சி வேலைகளுக்குத் தமிழர்கள் வந்தார்கள். பத்து காஜா, சுங்கை சிப்புட் வட்டாரங்களில் ரப்பர்த் தோட்டங்கள் பெருகின. நகரத்தில் புனித மைக்கேல் ஆலயத்தை ஒட்டி 1912-இல் பள்ளிக்கூடம் எழுந்தது. தமிழர்கள் நிறைந்த புந்தோங்கிற்குப் பக்கத்தில் இருப்பதால், சிலிபின் மாதா கோயில் தமிழர்களின் கோயிலாகவே விளங்கியது.

தோட்டத்தில் வீடு, மருத்துவமனை, பள்ளி, ஆயாக்கொட்டகை எல்லாமே நிர்வாகத்தின் கையில். வேலை போனால் வீடும் போகும். தோட்டத்துக் கோயில் நிற்கும் நிலம்கூடக் கம்பெனிக்குச் சொந்தம். நகரத்துத் தேவாலயம் மட்டும் அந்தப் பிடிக்கு வெளியே இருந்தது. அங்கே ஒரு தடித்த பதிவேடும் இருந்தது.

திருமுழுக்குப் பதிவேட்டில் குழந்தையின் பெயர், பெற்றோர், ஞானப்பெற்றோர், நாள், இடம், பாதிரியாரின் பெயர் ஆகியவை எழுதப்படும். அந்தக் குழந்தை வளர்ந்து வேறு எந்தப் பங்கில் திருமணம் செய்தாலும், அந்தச் செய்தி முதல் பதிவின் ஓரத்தில் குறிக்கப்பட வேண்டும் என்பது திருச்சபைச் சட்டம். பால்மரம் வெட்ட ஊர் ஊராக மாறிய குடும்பத்தின் வாழ்க்கை, இப்படி ஒரே வரியில் சேர்ந்துகொண்டே வந்தது.

அந்த வரியின் அருமை பின்னால்தான் தெரிந்தது. ஜப்பானியர் காலத்தில் சயாம் மரண இரயில் பாதைக்குப் போன தமிழர்களில் பலர் திரும்பவில்லை. அவர்களுக்குக் கல்லறையும் இல்லை. சுதந்திரத்திற்குப் பிறகு, 1968-இல் வந்த சட்டப்படி, குடியுரிமை இல்லாதவர்களுக்கு வேலை அனுமதிச் சீட்டு கட்டாயமானது. இங்கேயே பிறந்தவர்களும் சிவப்பு அடையாளக் கார்டோடு தவித்தார்கள். லயத்தில் பிறந்த எத்தனையோ பிள்ளைகளுக்குப் பிறப்புப் பத்திரமே எடுக்கவில்லை. 2011-இல் அரசாங்கம் மைடஃப்தார் என்ற பதிவு இயக்கத்தை நடத்த வேண்டி வந்ததே, அந்தக் காயம் ஆறவில்லை என்பதற்குச் சாட்சி.

தேவாலயச் சான்று பிறப்புப் பத்திரத்திற்கு ஈடாகாது. ஆனாலும் பிறந்த தேதிக்கும் பெற்றோர் பெயருக்கும் வேறு சான்றே இல்லாத குடும்பத்துக்கு அது ஒரு பிடிமானம்.

தோட்டத்தில் பெரும்பாலோர் இந்துக்கள். தோட்டத்து மாரியம்மன் கோயிலில் பிறப்பு, திருமணப் பதிவேடு வைக்கும் வழக்கம் இல்லை. அந்தக் குடும்பங்களுக்குத் தமிழ்ப்பள்ளியின் சேர்க்கைப் பதிவேடு உதவலாம். பள்ளி இடம் மாறியிருந்தால், பழைய ஏடுகள் எங்கே போயின என்று இப்போதே விசாரிப்பது நல்லது.

உங்கள் தாத்தா பாட்டி கத்தோலிக்கர்களாக இருந்தால், அவர்கள் பெயர், பெற்றோர் பெயர், ஏறக்குறைய எந்த ஆண்டு, எந்தத் தோட்டம் ஆகிய நான்கையும் எழுதிக்கொண்டு பங்கு அலுவலகத்தில் கேளுங்கள். பெயர் கிடைக்காவிட்டால் சோர்ந்துவிடாதீர்கள். அந்தக் காலப் பதிவுகள் லத்தீனில் எழுதப்பட்டவை. வீட்டில் சூசை என்று அழைத்தவர் அங்கே ஜோசேஃபுஸ் ஆகியிருப்பார். ராயப்பன் பேத்ருஸாகவும், அருளப்பன் யோவான்னெஸாகவும் இருக்கக்கூடும்.

எந்தத் தோட்டம், எந்த லயம் என்று சொல்லக்கூடியவர்கள் நம் வீடுகளில் இன்னும் ஒருவரோ இருவரோ இருக்கிறார்கள். இந்த ஞாயிற்றுக்கிழமையே அவர்களிடம் கேட்டு எழுதிவையுங்கள்.