உங்களுக்குத் தெரியுமா? காஷ்மீர் பொய், சுந்தரபாண்டியபுரம் மெய்!

‘ரோஜா’ (1992) படத்தில் நாம் பார்த்து நடுங்கிய காஷ்மீர், காஷ்மீரே அல்ல! தீவிரவாதம் உச்சத்தில் இருந்த நேரம். படக்குழு அங்கே போகவில்லை. குன்னூர், ஊட்டி, மணாலி மலைகளையே காஷ்மீராக்கிக் காட்டியவர் ஒளிப்பதிவாளர் சந்தோஷ் சிவன்.

● நாயகியின் ஊர் மட்டும் கற்பனை இல்லை. தென்காசிக்குப் பக்கத்தில் இருக்கும் சுந்தரபாண்டியபுரம்தான் அது. படத்திலும் அதே பெயர். குற்றாலத்தில் சாரல் அடிக்கும் ஆடி, ஆவணியில் இங்கே சூரியகாந்தி பூத்துக் கிடக்கும். அருவியில் குளித்த ஈரம் காயுமுன் போய்ப் பார்த்துவிடலாம்.

● அதன் பிறகும் நீலகிரி சந்தோஷ் சிவனை விடவில்லை. அவர் ஒளிப்பதிவு செய்த ‘தில் சே’ (1998) படத்தில் ஷாருக்கானும் மலைக்கா அரோராவும் ஓடும் ரயிலின் கூரையில் ஆடிய ஆட்டம், ஊட்டி மலை ரயிலில் எடுத்ததுதான்.

● ‘காலாபாணி’, ‘இருவர்’ இரண்டின் ஒளிப்பதிவுக்கும் அவருக்குத் தேசிய விருது. எம்.ஜி.ஆர்., கருணாநிதி காலத்தை நினைவூட்டும் ‘இருவர்’ ஒளிப்பதிவுக்கு இன்றும் தனி ரசிகர் கூட்டம் உண்டு. இடையில் ‘தி டெரரிஸ்ட்’, ‘மல்லி’, ‘அசோகா’ எனப் படங்களையும் இயக்கினார்.

● 2024 கான் திரைப்பட விழாவில், ஒளிப்பதிவாளர்களுக்கான பியர் ஆஞ்சனியூ கௌரவம் அவருக்குக் கிடைத்தது. ஆசியாவிலிருந்து அதைப் பெற்ற முதல் ஆள் இவர்தான்.

● மீண்டும் சுந்தரபாண்டியபுரத்துக்கு வருவோம். ‘ரோஜா’ தவிர அதற்கு இன்னொரு பெருமை: ‘அந்நியன்’ (2005) பாட்டுக்காக வண்ணம் பூசிய பாறை. ஊர்க்காரர்களிடம் ‘அந்நியன் பாறை’ என்று கேட்டால் போதும், வழி சொல்வார்கள்.