ஓலாஃப் முதல் அம்பலவாணன் வரை... பேரனின் பெயரில் வாழும் தாத்தாக்கள்!

"உங்கப்பா பேரை விட்டுட்டு போன்ல என்னடா பேர் தேடிக்கிட்டு இருக்கே?"

"அம்பலவாணன்னு வெச்சா ஸ்கூல்ல பசங்க கிண்டல் பண்ணுவாங்கம்மா. சின்னதா, ஸ்டைலா ஒண்ணு வைக்கலாம்."

சிதம்பரம் தேர் வீதிகளில், கடலூர் மஞ்சக்குப்பத்தில், திருப்பாதிரிப்புலியூரில் என்று தொட்டில் கட்டும் எந்த வீட்டிலும் இன்று கேட்கக்கூடிய பேச்சு இது. பாட்டிக்கு, போன கணவரின் பெயர் வீட்டில் மறுபடியும் ஒலிக்க வேண்டும். மகனுக்கோ, பிள்ளையின் பெயர் யார் வாயிலும் சிக்காமல் இருக்க வேண்டும். இருவர் பக்கமும் நியாயம் இருக்கிறது.

இந்த வழக்குக்கு ஒரு சாட்சி, வீட்டில் டி.வி முன் உட்கார்ந்திருக்கும் மூத்த குழந்தையிடமே இருக்கலாம். 2013-ல் வெளியான 'ஃப்ரோஸன்' படத்தில் கேரட் மூக்கோடு வரும் பனிமனிதனை எல்லாக் குழந்தைகளுக்கும் தெரியும். அவன் பெயர் ஓலாஃப். அந்தப் பெயருக்கு என்ன அர்த்தம் தெரியுமா?

பனி தேசத்துப் பேரன்

நார்வே, டென்மார்க், சுவீடன், ஐஸ்லாந்து நாடுகளில் நூற்றாண்டுகளாக ஆண் பிள்ளைகளுக்கு வைத்துவரும் பெயர் ஓலாஃப். நார்வேயில் ஓலாவ், சுவீடனில் ஓலோஃப், டென்மார்க்கில் ஓலுஃப், ஐஸ்லாந்தில் ஓலாஃபுர் என்று நாட்டுக்கு நாடு உச்சரிப்பு மாறும். பழைய நார்ஸ் மொழியில் 'முன்னோர்' என்ற சொல்லும், 'விட்டுச் சென்றது, வாரிசு' என்ற சொல்லும் சேர்ந்து பிறந்த பெயர் இது. முன்னோர் விட்டுச் சென்ற வாரிசு என்று தமிழில் சொல்லலாம்.

நம் தமிழில் இதற்கு இணையான ஒரு சொல் தினமும் புழங்குகிறது. அது 'பேரன்'. பெயரன் என்பதே பேரன் ஆனது. தாத்தாவின் பெயரைத் தாங்கியவன் என்பதுதான் பொருள். மூத்த மகனுக்கு அப்பா வழித் தாத்தா பெயர், அடுத்தவனுக்கு அம்மா வழித் தாத்தா பெயர் என்பது நம் ஊரில் பல குடும்பங்களின் வழக்கம். ஸ்காண்டிநேவிய நாடுகளிலும் மூத்த மகனுக்கு அப்பா வழித் தாத்தாவின் பெயரை வைப்பது பழைய மரபு.

இன்னொரு ஒற்றுமையும் உண்டு. ஓலாஃபின் மகன் 'ஓல்சன்' என்று அப்பா பெயரைச் சேர்த்துக்கொள்வது அங்கே வழக்கமாக இருந்தது. மற்ற நாடுகளில் அது நிலையான குடும்பப் பெயராகிவிட, ஐஸ்லாந்தில் மட்டும் பெரும்பாலானவர்கள் இன்றைக்கும் அப்பா பெயரையே பின்னொட்டாக வைத்துக்கொள்கிறார்கள். 1996 முதல் 2016 வரை அந்நாட்டு அதிபராக இருந்தவர் ஓலாஃபுர் ராக்னர் கிரிம்சன். அவர் அப்பா பெயர் கிரிமுர். நம் இனிஷியல் செய்யும் வேலையைத்தான் அந்தப் பின்னொட்டு செய்கிறது.

பெயர் மாறிய இளவரசர்

ஒரு பெயருக்கு எவ்வளவு கனம் இருக்கிறது என்பதற்கு நார்வே அரச குடும்பமே உதாரணம். 1905-ல் சுவீடனிடமிருந்து பிரிந்த நார்வே, டென்மார்க் இளவரசர் கார்லைத் தன் அரசராகத் தேர்ந்தெடுத்தது. அவர் ஹாகோன் என்ற பழைய நார்வே பெயரை ஏற்றுக்கொண்டார். இரண்டு வயதான அவர் மகன் இங்கிலாந்தில் பிறந்தவன். பெயர் அலெக்ஸாண்டர். அந்தப் பெயரை மாற்றி 'ஓலாவ்' என்று வைத்தார்கள். 1030-ல் போரில் இறந்து, பின்னாளில் புனிதராகப் போற்றப்பட்ட நார்வே மன்னரின் பெயர் அது.

அந்தக் குழந்தைதான் 1957-ல் ஐந்தாம் ஓலாவ் என்ற பெயரில் மன்னரானார். அவர் மகன் ஹரால்டு. ஹரால்டுக்கு 1973-ல் பிறந்த மகனுக்கு வைத்த பெயர் ஹாகோன். ஆம், கொள்ளுத்தாத்தாவின் பெயர்!

நம் கடற்கரைக்கும் வந்த பெயர்கள்

இந்த வடதேசத்துப் பெயர்கள் நமக்கு அவ்வளவு அந்நியமும் இல்லை. சிதம்பரத்திலிருந்து சீர்காழி வழியாகத் தெற்கே போனால் வரும் தரங்கம்பாடியில், 1620-ல் தஞ்சை நாயக்க மன்னர் ரகுநாதரின் அனுமதியோடு கால்பதித்தார்கள் டென்மார்க் நாட்டவர். அந்தக் குழுவின் தலைவர் பெயர் ஓவே யெட்டே. 1740-ல் கடலூருக்கு வந்து பணியாற்றிய பாதிரியார் கீர்னாண்டர் சுவீடன்காரர். கடலூரைத் தலைமையிடமாகக் கொண்ட ஆற்காடு லுத்தரன் திருச்சபையும் டென்மார்க் மிஷனரிகளின் பணியில் உருவானதே.

அவர்கள் வந்து இறங்கிய இந்த மண்ணில், ஒரே ஒரு கோயிலிலிருந்து பிறந்த ஆண் பெயர்கள் ஏற்கெனவே ஊர் ஊராகப் பரவியிருந்தன. அவற்றில் ஒன்றுதான் பாட்டி கேட்கும் அம்பலவாணன்.

அம்பலவாணன் என்றால் யார்?

அம்பலம் என்றால் பலரும் கூடும் பொது மன்றம். மறைத்து வைத்த விஷயம் வெளியே வந்துவிட்டால் 'அம்பலமாகிவிட்டது' என்கிறோமே, அதே அம்பலம்தான். 'வாழ்நன்' என்ற சொல்லே மருவி 'வாணன்' ஆனது. ஆக, அம்பலவாணன் என்றால் மன்றத்தில் வாழ்பவன். தில்லை மன்றத்தில் ஆடும் நடராஜர்.

சிதம்பரம் கோயிலில் ஐந்து சபைகள் உண்டு. சிற்சபை, கனகசபை, நிருத்த சபை, தேவ சபை, ராஜ சபை. முதலாம் பராந்தக சோழன் இங்கே பொன் வேய்ந்ததைச் சோழர் செப்பேடுகள் சொல்கின்றன. பொதுவாகச் சாமியின் பெயரைத்தான் பிள்ளைகளுக்கு வைப்பார்கள். இங்கே சாமி ஆடும் இடத்தின் பெயரையே வைக்கிறார்கள். பொன்னம்பலம், சிற்றம்பலம், கனகசபை எல்லாம் கட்டடங்களின் பெயர்கள். சிதம்பரம், ஊரின் பெயர். தில்லை, ஒரு மரத்தின் பெயர்! பிச்சாவரம் அலையாத்திக் காட்டில் இன்றும் நிற்கும் அந்த மரத்தின் பால் கண்ணில் பட்டால் ஆபத்து என்று படகோட்டிகள் எச்சரிப்பார்கள்.

இனிஷியலுக்குள் ஒரு வம்சம்

சிதம்பரத்தில் 1929-ல் பல்கலைக்கழகம் உருவாகக் காரணமான ராஜா சர் அண்ணாமலை செட்டியாரின் அப்பா பெயர் முத்தையா. அண்ணாமலையாரின் மூத்த மகன் பெயரும் முத்தையா. இன்னொரு மகன் பெயர் சிதம்பரம். சென்னை சேப்பாக்கத்தில் ஐ.பி.எல் பார்க்கப் போகிறோமே, அந்த எம்.ஏ.சிதம்பரம் ஸ்டேடியம் இவர் பெயரில்தான் இருக்கிறது. 'எம்' தாத்தா முத்தையா, 'ஏ' அப்பா அண்ணாமலை. இவருடைய மகன் ஏ.சி.முத்தையா. கொள்ளுத்தாத்தா மறுபடியும் வந்துவிட்டார்.

கடல் தாண்டியும் இதே கதைதான். இலங்கை அரசியலில் பெரும்பங்கு வகித்த சகோதரர்கள் பொன்னம்பலம் ராமநாதனும் பொன்னம்பலம் அருணாசலமும். அவர்கள் அப்பா, அருணாசலம் பொன்னம்பலம். அதாவது, தாத்தாவின் பெயர் பேரன் அருணாசலத்துக்கு வந்திருக்கிறது. அந்த அப்பா கொழும்பு கொச்சிக்கடையில் கட்டி, பின்னாளில் ராமநாதன் கருங்கல்லில் எழுப்பிய கோயிலின் பெயர் பொன்னம்பலவாணேசுவரர் கோயில். சிதம்பரத்து மன்றம் ஒரு குடும்பத்தின் பெயராகி, கொழும்பில் மறுபடியும் கோயிலாகியிருக்கிறது.

கடலூரில் பெயர் மாறிய பெரியவர்

பண்ருட்டி பக்கத்துத் திருவாமூரில் பிறந்தபோது அவருக்குப் பெற்றோர் வைத்த பெயர் மருள்நீக்கியார். சமண சமயத்தில் சேர்ந்து, இன்றைய திருப்பாதிரிப்புலியூரான பாடலிபுத்திரத்தில் இருந்தபோது தருமசேனர். அக்கா திலகவதியாரால் சைவத்துக்குத் திரும்பித் திருவதிகையில் பாடியபோது நாவுக்கரசர். வயதில் மிகச் சிறியவரான சம்பந்தர் அன்போடு அழைத்ததால் அப்பர். ஒரே மனிதரின் வாழ்க்கை நான்கு பெயர்களில் அடங்கிவிட்டது. கல்லோடு கட்டிக் கடலில் போட்டும் மிதந்து அவர் கரை சேர்ந்ததாகச் சொல்லப்படும் இடம், கடலூரில் 'கரையேறவிட்ட குப்பம்' என்று ஊர்ப் பெயராகவே நிலைத்துவிட்டது.

நாளைக்குப் போகலாம் என்றவர்

தில்லை தந்த பெயர்களில் வலி சுமக்கும் பெயரும் உண்டு. நந்தன்.

ஆதனூரில் தீண்டத்தகாதவராக ஒதுக்கப்பட்ட குலத்தில் பிறந்த நந்தனாருக்கு ஒரே ஆசை, தில்லை நடராஜரைப் பார்க்க வேண்டும். போனால் உள்ளே விடமாட்டார்கள் என்பது தெரியும். 'நாளைக்குப் போவேன்' என்று சொல்லிச் சொல்லியே நாள்கள் கழிந்தன. அதனால் 'திருநாளைப்போவார்' என்பதே அவர் பெயராகிவிட்டது. கடைசியில் தீயில் இறங்கிய பிறகே அவர் சந்நிதிக்குள் போனதாகப் பெரியபுராணம் சொல்கிறது. எல்லோரும் கூடும் இடம் என்று பொருள்படும் அம்பலம், அவருக்கு மட்டும் எளிதில் திறக்கவில்லை.

அந்தப் பெயரைத்தான் 1916-ல் சிதம்பரத்தில் ஒடுக்கப்பட்ட பிள்ளைகளுக்காகப் பள்ளி தொடங்கிய சுவாமி சகஜானந்தர் தேர்ந்தெடுத்தார். நந்தனார் பள்ளியில் படித்தேன் என்று சொல்லும் ஒவ்வொருவர் பேச்சிலும், வாசலில் காத்திருந்த அந்த மனிதரின் பெயர் வாழ்கிறது.

ஏன் இப்போது யோசிக்க வேண்டும்?

தமிழர்களில் பெரும்பாலானவர்களுக்குக் குடும்பப் பெயர் கிடையாது. பெயருக்குப் பின்னால் இருந்த சாதிப் பட்டத்தை விட்டுவிட வேண்டும் என்று 1929-ல் செங்கல்பட்டு சுயமரியாதை மாநாடு தீர்மானம் போட்டது. பட்டம் போய், இனிஷியல் நின்றது. பெருமைக்குரிய மாற்றம்தான். ஆனால், இனிஷியலின் ஆயுள் ஒரு தலைமுறைதான். அம்பலவாணனின் மகனுக்கு 'அ' இருக்கும். பேரனுக்கு அதுவும் இருக்காது. பெயரை மறுபடி வைத்தால் ஒழிய, தாத்தாவின் பெயர் வீட்டில் ஒலிக்க வேறு வழியில்லை.

அதற்காகப் பிடிக்காத பெயரைச் சுமத்த வேண்டியதில்லை. முந்தைய தலைமுறையே இதற்கு வழி வைத்திருந்தது. மாமனார் பெயரை மருமகள் சொல்லக் கூடாது என்று இருந்த காலத்தில், பிள்ளைக்கு அந்தப் பெயரை வைத்துவிட்டு 'ராசா', 'சாமி', 'தம்பி' என்று கூப்பிட்டார்கள். பள்ளியில் ஒரு பெயர், வீட்டில் ஒரு பெயர் என்பது அப்போதே இருந்ததுதான். அம்பலவாணனை 'வாணன்' என்று சுருக்கினால், அது இன்றைய பெயர்களோடு சேர்ந்தே ஒலிக்கும்.

தில்லை தந்த ஆண் பெயர்கள்

• வாணன், தில்லைவாணன் - வாழ்பவன், தில்லையில் வாழ்பவன்

• கூத்தன் - ஆடுபவன். நடராஜன், நடேசன் என்பதன் தமிழ்

• பொன்னம்பலம், கனகசபை - பொன் மன்றம். ஒரே பொருள், இரு மொழி

• சபாபதி, சபேசன், சபாநாயகம் - சபையின் தலைவன். சட்டமன்ற சபாநாயகரும் இதே சொல்தான்

• சிதம்பரம் - சித் என்றால் அறிவு, அம்பரம் என்றால் வெளி

• கோவிந்தராஜன் - அதே கோயில் வளாகத்தில் பள்ளிகொண்டிருக்கும் பெருமாள்

• நாவுக்கரசு - சொல்லுக்கு அரசன்

• நந்தன் - திருநாளைப்போவார்

ஒரு நடைமுறைத் தகவல். பெயர் முடிவாகாமலே பிறப்பைப் பதிவு செய்திருந்தால், ஓராண்டுக்குள் கட்டணமின்றிப் பெயரைச் சேர்க்கலாம். அதன்பிறகு 15 ஆண்டுகள் வரை தாமதக் கட்டணத்தோடு சேர்க்கலாம். ஆகவே பாட்டியும் மகனும் அவசரப்பட்டுச் சண்டை போட வேண்டியதில்லை.

தொட்டில் அன்று குழந்தையின் காதில் மூன்று முறை பெயரைச் சொல்வார்கள். எந்தப் பெயரை வைத்தாலும் சரி, அது யாருடைய பெயர், அவர் எப்படிப்பட்டவர் என்பதைப் பேசத் தெரியும் வயதில் அந்தக் குழந்தைக்குச் சொல்லிவிடுங்கள். ஸ்கூலில் யாராவது கிண்டல் செய்தால், "இது எங்க தாத்தா பேரு" என்று அவனே பதில் சொல்லிக்கொள்வான்.